அக்கா முகம் காட்டிய ஒரே படம்

இந்த நினைவு மலருக்கு எழுதும்படி என்னைக் கேட்டது என் மருமகள், அதாவது அக்காவின் மகள். "மாமா, நீங்கதான் அம்மாகூட எல்லா இடமும் போனீங்க. நீங்களே எழுதுங்க. ஆனா ஒண்ணு, சிரிப்புக் காட்டாதீங்க. பெரியவங்க எல்லாம் வாசிப்பாங்க" என்றாள். முயற்சி செய்கிறேன் என்றேன். கல்யாண வீடியோ எடுத்துப் பிழைப்பவன் நான். முகத்தை எப்படி வைத்துக்கொள்ள வேண்டும் என்று மற்றவர்களுக்குச் சொல்லித்தான் பழக்கம்.

எங்கள் அன்புக்குரிய அக்கா எல்கடுவைக்கு மேலே, ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர்களின் வரிசை வீட்டில், பிறந்தவர். அப்பா தோட்டத்துத் தொழிற்சாலையில் கொழுந்து வாட்டும் மாடியில் வேலை பார்த்தார். அம்மா மலையில் கொழுந்து எடுத்தார். எங்கள் ஒற்றை அறைக் காம்பராவுக்குப் பின்னால் கைக்குட்டை அளவுக்கு ஒரு மரக்கறித் தோட்டம் இருந்தது. ஒவ்வொரு மழைக்கும் அதன் மண் கரைந்து கீழ் லயத்துத் தண்ணீர்க் கானில் போய்ச் சேரும். அக்கா சின்னப் பிள்ளையாக இருந்தபோது ஒரு பேசினை எடுத்துக்கொண்டு கீழே இறங்கி, அந்தக் கானில் படிந்த மண்ணை அள்ளிச் சுமந்து வந்து திரும்பக் கொட்டுவாராம். கீழ் லயத்துக்காரர்கள் தடுக்கவில்லை. கான் இனாமாகச் சுத்தமாவதை யார்தான் தடுப்பார்கள்? "எங்க மண்ணு, அதான் எடுத்துட்டுப் போறேன்" என்று அவர்களிடம் விளக்கமும் சொல்வாராம்.

பிற்காலத்தில் அவர் செய்த உத்தியோகமும் ஏறக்குறைய இதுதான். பேசினுக்குப் பதிலாக ஒரு பட்டம் இருந்தது, அவ்வளவே.

தோட்டத்துப் பாடசாலையில் தொடங்கி, மாத்தளைக்கு பஸ் ஏறிப் படித்து, பல்கலைக்கழகத்தில் விவசாய விஞ்ஞானம் படிக்கத் தெரிவானார். என்ன படிக்கப் போகிறாள் என்று லயத்தில் விசாரித்தார்கள். மண்ணைப் பற்றி என்றதும் பக்கத்துக் காம்பரா மாமி, "அதுக்கு கெம்பஸ் வேற போகணுமா? நாள் பூரா நம்ம அதுலதானே நிக்கிறோம்" என்றார். எங்கள் அம்மா கொழுந்துக் கூடையைக்கூட இறக்கி வைக்காமல், "நம்ம நிக்கிறோம். அவ படிக்கட்டும்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். அக்கா படித்தார். எனக்குச் சாதாரண தரப் பரீட்சையில் கணிதம் கைகொடுக்கவில்லை. நானும் அதை மேற்கொண்டு தொந்தரவு செய்யவில்லை. என்னை ஒரு ஸ்டூடியோவில் சேர்த்து கெமரா பழக வைத்தது அக்காதான்.

அக்காவின் ஆராய்ச்சி மலைச் சரிவு மிளகுத் தோட்டங்களில் மழைக்கு எவ்வளவு மண் போகிறது, அதை எப்படி நிறுத்துவது என்பதாக இருந்தது. கண்டுபிடித்ததை விவசாயிகளிடம் சொல்ல ஊர் ஊராகக் கூட்டம் வைத்தார். ஒன்றிரண்டுக்கு நானும் போயிருக்கிறேன். வந்தவர்கள் மிக மரியாதையாகத் தலையாட்டுவார்கள். பேட்டிஸும் பிளேன்டியும் வந்ததும் அந்தத் தலைகள் எல்லாம் வேறு பக்கம் திரும்பிவிடும். மறுநாள் அதே சரிவில் களைநாசினி அடிக்கும் சத்தம் கேட்கும்.

படம் எடுக்கும் எண்ணம் அவருக்கு வந்தது மாத்தளை டவுனில் என் ஸ்டூடியோவில் வைத்துத்தான். முன் அறையில் ஒரு டீவி இருக்கும். புதிதாக எடுத்த கல்யாணம் ஒன்று அதில் எப்போதும் ஓடிக்கொண்டிருக்கும். ஒரு நாள் மத்தியானம் அக்கா சோற்றுப் பார்சலோடு வந்தார். அடையாள அட்டைக்குப் படம் எடுக்க ரத்தோட்டையிலிருந்து வந்திருந்த ஓர் அம்மா, படம் எடுத்து முடிந்தும் போகாமல் டீவியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பொண்ணு உங்க சொந்தமா?" என்று அக்கா கேட்டார்.

"தெரியாது மிஸ்."

"மாப்பிள்ளை வீடா?"

"அதுவும் தெரியாது. அந்தப் பச்சை சாரி பந்தியில கறி வைக்கிறதப் பாருங்க. கை எவ்வளவு சின்னதாப் போகுதுன்னு."

அக்கா பாதிச் சோற்றைப் பொட்டலமாகக் கட்டி வைத்துவிட்டு என்னிடம் வந்தார். "டேய், யாருன்னே தெரியாதவங்க சோறு திங்கிறத இவ்வளவு நேரம் பாக்குறாங்களே. மண்ணு போறதப் பாக்க மாட்டாங்களா?"

"மண்ணுக்கு நகை போட முடியாதேக்கா."

"நீ கெமராவத் தூக்கிட்டு வா, பேசாம."

அப்படித்தான் நாங்கள் இருவரும் படம் எடுக்கத் தொடங்கினோம். முதல் படத்தின் முடிவில் மிளகுக் கொடியையும் அது ஏறி நிற்கும் மரத்தையும் சேர்த்து ஓர் இதய வடிவத்துக்குள் போட்டு, சுற்றிலும் ரோசாப்பூ விழ வைத்திருந்தேன். அக்கா கடைசிவரை பொறுமையாகப் பார்த்தார். பிறகு, "எப்போ கல்யாணம்?" என்று கேட்டார். பூக்களை எடுத்துவிட்டேன்.

அவருக்கென்று ஒரு முறை இருந்தது. எந்தப் படத்திலும் அவர் முகம் வராது. குரல் மட்டும் வரும். "சொல்றவ மூஞ்சி எதுக்கு? செய்யிறவங்க மூஞ்சியப் பாக்கட்டும்" என்பார். அதனால் எங்கள் படங்களில் வருபவர்கள் எல்லாம் அந்தந்த ஊர்க்காரர்களே. கோயில் முன்றிலிலும் பாடசாலை மண்டபத்திலும் வெள்ளைத் துணி கட்டி, பொழுது சாய்ந்ததும் காட்டுவோம். லக்கல வரைக்கும் போயிருக்கிறோம். அங்கே சிங்களத்தில் பேசியவரும் அக்காவே. திரும்பி வரப் பல நேரம் பஸ் இருக்காது. பெட்டி சட்டிகளோடு ரோட்டோரத்தில் நிற்கும்போது, "யானை வந்தா முதல்ல நீ போ, நீ பெரிய சாப்பாடு" என்று என் உடம்பைப் பார்த்துச் சொல்வார். யானை இறைச்சி தின்பதில்லை என்று விஞ்ஞானிக்கு நான் சொல்ல வேண்டியிருந்தது.

எல்லாப் படங்களிலும் ஊர்கள் அதிகம் விரும்பியது, எங்களுக்கு அண்ணன் மாதிரியான ஹனீபா நானாவின் படம். உக்குவெலைப் பக்கம் ஒரு சரிவில் அவருக்கு மிளகுத் தோட்டம் இருக்கிறது. நாங்கள் முதலில் போனபோது அந்த நிலம் கூட்டிப் பெருக்கிய வாசல் மாதிரி இருந்தது. ஒரு புல் கிடையாது. "கீழ வுழுந்த ஒத்த மொளகையும் நான் கண்டு எடுப்பேன் மிஸ்" என்று பெருமையாகச் சொன்னார். மழை பெய்தால் மிளகு இருக்கும், மண் இருக்காது. அக்கா மாதக்கணக்கில் போய் வந்து பேசி அவரைச் சம்மதிக்க வைத்தார். செதுக்க வேண்டாம், மருந்து அடிக்க வேண்டாம், மரத்திலிருந்து வெட்டும் கிளையின் இலைகளை நிலத்தின் மேல் மூடாக்காகப் பரப்பினால் போதும். ஆனால் கொடியின் அடியை ஒட்டி இலை கிடக்கக் கூடாது, ஒரு சாண் தள்ளியே இருக்க வேண்டும். ஒட்டிக் கிடந்தால் ஈரம் தங்கி அடி அழுகும். நானா அப்படியே செய்தார். அடுத்த மழைக்கு அவர் தோட்டத்துத் தண்ணீர் தெளிவாக இறங்கியது. பக்கத்துத் தோட்டக்காரர்கள் வேலியில் கை வைத்துப் பார்க்கத் தொடங்கினார்கள்.

படம் எடுத்த நாளில் ஒரு சின்னச் சங்கடம். ஒவ்வொரு கொடியைச் சுற்றியும் அந்த ஒரு சாண் வட்டம் கெமராவில் வழுக்கைத் தலை மாதிரித் தெரிந்தது. பச்சை மூடாக்குக்கு நடுவே சொட்டை. அக்கா கெமராவுக்குள் எட்டிப் பார்த்துவிட்டு, இலையை இரண்டு கையாலும் அள்ளி வந்து கொடியின் அடிவரைக்கும் குவித்தார். இப்போது பார்க்க அழகாக இருந்தது. "எடுத்து முடிஞ்சதும் தள்ளிவிட்டுறலாம்" என்றார். குவித்தது அக்காதான். நான் குவித்திருந்தால் சத்தியமாக இந்தப் பகுதியை எழுதியிருக்க மாட்டேன்.

எடுத்து முடிய மழை பிடித்துக்கொண்டது. கெமராவைக் காப்பாற்ற எல்லோரும் வீட்டுக்கு ஓடினோம்.

படத்தில் அக்காவின் குரல் சரியாகத்தான் சொல்கிறது: "கொடியிலிருந்து ஒரு சாண் தள்ளி இலையைப் பரப்ப வேண்டும்." ஆனால் அந்த வசனம் வரும் இடத்தில்தான் நானா முதன்முதலாகத் திரையில் தலைகாட்டுவார். எந்த ஊரில் போட்டாலும் அந்த இடத்தில், "அடேய், நம்ம நானா" என்று கூட்டம் எழும்பிவிடும். விசில், கைதட்டல். அது அடங்கும்போது திரையில் இருப்பது அடிவரை குவித்த இலை மட்டுமே. ஒரு சாண் என்ற சொல் ஓர் ஊரிலும் ஒருவர் காதிலும் விழவில்லை. இது எங்கள் இருவருக்குமே அப்போது தெரியாது. கைதட்டலைக் கேட்டு நாங்களும் பின்னால் நின்று மகிழ்ந்துகொண்டிருந்தோம். படம் போனிலிருந்து போனுக்குப் பறந்தது. அங்கேயும் பார்த்தவர்கள் கண்ணில் நின்றது அந்தக் குவியல்தான்.

மழைக்காலம் வந்தது. நானா அக்காவுக்கு போன் எடுத்தார். "மிஸ், கொடி வாடுது. ஒருக்கா வந்து பாருங்க."

போனோம். இலைகள் மஞ்சளித்துத் தொங்கின. ஒவ்வொரு கொடியின் அடியிலும் நாங்கள் விட்டுப் போன குவியல் அப்படியே இருந்தது. அதற்கு மேலும் புது இலை போட்டு உயர்த்தப்பட்டிருந்தது.

"நானா, இதத் தள்ளலயா?" என்று அக்கா கேட்டார்.

"படம் பாத்துட்டு ஆளுங்க தோட்டத்தப் பாக்க வாறாங்க மிஸ். அதான், படத்துல ஈக்கிற மாதிரியே வெச்சீக்கிறேன்."

அக்கா இலையை விலக்கி, நகத்தால் தண்டைச் சுரண்டிப் பார்த்தார். கறுத்திருந்தது. அடுத்த கொடியும் அப்படியே. அக்கா ஈர நிலத்திலேயே உட்கார்ந்துவிட்டார். வேலிக்கு அப்பால் அக்காவை நம்பி இலை போட்டவர்களின் கொடிகளும் மஞ்சளித்திருந்தன. அவர்களில் ஒருவர் ஏற்கெனவே இலையெல்லாம் வாரி எறிந்துவிட்டு, நிலத்தைப் பழையபடி செதுக்கிக்கொண்டிருந்தார். அந்த மண்வெட்டிச் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

அலுவலகத்து நண்பர்கள் அக்காவுக்கு ஆறுதல் சொன்னார்கள். மழை கூடிய வருடத்தில் இந்த நோய் வருவதுதானே என்றார்கள். அது உண்மையும்கூட. அக்கா, "மழை பாதி, நான் பாதி. மழைகிட்டப் போய் என்ன சொல்றது?" என்றார். நான் என் பங்குக்கு, அந்தக் காட்சியை வெட்டிவிட்டு வேறொன்றை வைத்துத் தருகிறேன், யாருக்கும் தெரியாது என்றேன். கல்யாண வீட்டில் தண்ணி போட்டு ஆடிய எத்தனையோ சித்தப்பாமாரை நான் அப்படி மறைத்திருக்கிறேன். "போன்ல போய்ச் சேர்ந்தத எப்படிடா வெட்டுவ?" என்று கேட்டார். இன்னொரு படம் எடுப்பது என்று முடிவு செய்தார்.

அக்காவுக்கு நோய் என்று தெரிய வந்ததும் அந்த நாட்களில்தான். உடனே வைத்தியம் தொடங்க வேண்டும் என்றார்கள். அக்கா படத்தை எடுத்துவிட்டு வருகிறேன் என்றார். அக்காவின் கணவர், எங்கள் அத்தான், கோபமே படாத மனிதர். அன்று சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளி வைத்துவிட்டு, "நீயாவது உன் அக்காகிட்ட சொல்லு" என்று என்னிடம் வந்தார். சொன்னேன். அக்கா என்னைப் பார்த்து மெதுவாகச் சொன்னார்: "மருந்து ஏத்தினா முடி கொட்டிரும்டா. பெறகு எடுத்தா பாக்கிறவங்க கொடியப் பாக்க மாட்டாங்க. என்னையப் பாப்பாங்க." அதன்பிறகு அத்தானிடம் போய், "ரெண்டே நாள்ல முடிச்சிடுவோம்" என்று சொல்லும் வேலை எனக்கு வந்தது.

ஆனால் நானா சம்மதிக்கவில்லை. எங்களை உட்கார வைத்து, தேத்தண்ணி கொடுத்து, முகத்துக்கு நேரே சொன்னார்.

"மிஸ், என்ட தோட்டத்த ஊரே பாத்தீக்கி. பள்ளிவாசலுக்குப் போனா, 'ஹீரோ வாறாரு, எடம் உடுங்க' ண்டு செல்றானுகள். இப்ப செத்த கொடியக் காட்டச் செல்றீங்களா? நான் எந்த ரோட்டால போற?"

அக்கா அவரை வற்புறுத்தவில்லை. தேத்தண்ணியைக் குடித்து முடித்தார். "உங்க பேரு வேணாம் நானா. உங்க மூஞ்சியும் வேணாம். மூலையில ரெண்டு கொடி தாங்க. நான் நிக்கிறேன். இது நான் செஞ்ச பிழைன்னு நானே சொல்றேன்."

"மிஸ் படத்துல வாறதே இல்லயே."

"இந்தத் தடவ வாறேன்."

நானா எழுந்து வாசலுக்கு வந்தார். பிறகு மூலையைக் கையால் காட்டினார்.

அக்கா கொடியின் அருகில் குந்தி உட்கார்ந்தார். நான் கெமராவை வைத்தேன். எத்தனையோ மணப்பெண்களிடம், "சிரிங்க, இந்தப் பக்கம் பாருங்க" என்று சொன்ன எனக்கு அக்காவிடம் சொல்ல ஒன்றும் வரவில்லை. அவர் இலையை விலக்கி, அழுகிய தண்டைத் தூக்கிக் காட்டிப் பேசினார். "போன படத்துல இலையைக் கொடியோட ஒட்டிக் குவிச்சது நான்தான். பாக்க நல்லா இருக்கணும்னு குவிச்சேன். அது பிழை. அதப் பாத்து நீங்களும் குவிச்சீங்க. கொடி செத்துப் போச்சு. மூடாக்கு பிழையில்ல. அத வச்ச இடம்தான் பிழை."

அந்த நேரம் கெமராவின் ஓரத்தில் இடுப்பில் கட்டிய ஒரு சாரம் தெரிந்தது. ஹனீபா நானா மண்வெட்டியோடு வந்து அக்காவுக்குப் பக்கத்தில் குந்தினார்.

"நானா, கெமராக்குள்ள வந்துட்டீங்க" என்றேன்.

"தெரியும். நீங்க புடிங்க. மிஸ் ஒராள் மட்டும் நிண்டா, மிஸ்ஸ மட்டும்தான் ஏசுவானுகள்." கெமராவைப் பார்த்துத் தொடர்ந்தார்: "மிஸ் வாயால தள்ளி வெக்கச் செல்லித்தான் ஈந்தாங்க. நான் எங்க கேட்ட? நான் என்ட மூஞ்சியப் பாத்துக்கிட்டு ஈந்தேன்."

அதை வெட்டாமல் வைத்திருக்கிறோம். நாங்கள் எழுதிக் கொடுத்திருந்தால் இவ்வளவு நன்றாக வந்திருக்காது.

அந்தப் படத்தை முதலில் அதே ஊரில் போட்டோம். விசில் இல்லை. முடிந்ததும் ஒருவர் எழும்பி, "அப்ப மொத சொன்னது பிழை, இப்ப சொல்றது மட்டும் சரின்னு எப்படி நம்புறது?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. நானாக இருந்தால் மின்சாரத்தை நிறுத்திவிட்டு ஓடியிருப்பேன். அக்கா, "நம்ப வேணாம். காலையில உங்க கொடியடியில இலையைத் தள்ளிப் பாருங்க. கறுத்திருந்தா என்னையக் கூப்பிடுங்க" என்றார்.

காலையிலிருந்து போன் அடித்தது. முதலில் ஏசுவதற்கு, பிறகு கேட்பதற்கு, அதன்பிறகு கூப்பிடுவதற்கு. வைத்தியசாலைக்குப் போகும் நாள்வரை அக்கா தோட்டம் தோட்டமாக ஏறி இறங்கினார். இலையை வாரி எறியப் போன பலர், தள்ளி மட்டும் வைத்தார்கள். சில தோட்டங்கள் மீளவில்லை. அவற்றின் சொந்தக்காரர்கள் இன்றும் எங்களிடம் பேசுவதில்லை. அதையும் இங்கே எழுதுவதை அக்கா விரும்பியிருப்பார்.

மருந்து ஏற்றத் தொடங்கியபின் அவர் முடி கொட்டியது. "வழுக்கை கெமராவுக்கு நல்லா இருக்காதுன்னு நான் அப்பவே சொன்னேனே" என்று சிரித்தார். நான் சிரிக்க முயன்று, வெளியே போய் நின்றேன். கடைசி வாரங்களில் நானாவும் அவர் மனைவியும் பார்க்க வந்தார்கள். நானா புதிதாக நட்ட கொடிகளைப் போனில் படம் பிடித்துக் கொண்டுவந்திருந்தார். அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொன்றையும் பெரிதாக்கிப் பார்த்தார். "இது பத்தாது, இன்னும் தள்ளணும். இதுல என்ன, ஈரம் நிக்குதே? கான் வெட்டலயா?"

நானா என் பக்கம் திரும்பி, "நோயாளியப் பாக்க வந்தா, நோயாளி நம்மள ஏசுறாங்க" என்றார். அக்காவின் முகம் அன்று முழுவதும் தெளிவாக இருந்தது. சில நாட்களில், ஒரு விடியற்காலையில், அத்தானும் மகளும் பக்கத்தில் இருக்க, தூக்கத்திலேயே போய்விட்டார்.

இந்த ஓராண்டில் எங்களைத் தாங்கியவர்களுக்கு நன்றி சொல்லாமல் முடிக்க முடியாது. அக்காவின் வலி அறிந்து கையைப் பிடித்திருந்த தாதிமாருக்கும் டொக்டர்மாருக்கும், மழையிலும் எல்கடுவையிலிருந்து இறங்கி வந்து பந்தல் போட்ட லயத்து உறவுகளுக்கும், ரத்தோட்டை, லக்கல பக்கங்களிலிருந்து வந்து வரிசையில் நின்ற விவசாயிகளுக்கும் எங்கள் நன்றி. எங்கள் வீட்டில் அடுப்பு எரியாத நாட்களில், மரக்கறி மட்டும் சமைத்து மூன்று வேளையும் சட்டியோடு கொண்டுவந்து தந்த ஹனீபா நானா குடும்பத்தாருக்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை. அத்தானுக்கு நான் நன்றி சொன்னால் அடிக்க வருவார். அதனால் சொல்லவில்லை.

இன்னும் ஓர் உதவி கேட்க வேண்டியிருக்கிறது. அந்த முதல் படம் இப்போதும் போன்களில் சுற்றுகிறது. போன மாதம்கூட முன்பின் தெரியாத ஒருவர், "நல்ல படம், பாருங்க" என்று எனக்கே அனுப்பியிருந்தார். உங்களுக்கும் வரும். வந்தால் அழிக்க வேண்டாம். இரண்டாவது படத்தையும் சேர்த்து, வந்த வழியே திருப்பி அனுப்பிவிடுங்கள். மகளிடம் கேட்டால் தருவாள். அக்கா செய்த பிழை அக்காவைவிட நீண்ட காலம் உயிரோடு இருக்கக் கூடாது. நினைவு நாளில் எங்களுக்கு வேறொன்றும் வேண்டாம்.

இரண்டாவது படத்தைக் கடைசிவரை பாருங்கள். பேசி முடித்ததும் கெமரா நின்றுவிட்டது என்று நினைத்து, அக்கா சேற்றுக் கையை முழங்காலில் துடைத்துக்கொண்டு, "வெளங்குற மாதிரி சொன்னேனாடா?" என்று கேட்பார். அந்தத் துண்டை வெட்டச் சொல்லியிருந்தார். நான் வெட்டவில்லை. என்னிடம்தான் கேட்டார் என்றாலும், மிளகுக் கொடி வைக்காதவன் சொல்லும் பதில் அவருக்கு எதற்கு? தோட்டம் உள்ளவர்கள் யாராவது, அடுத்த மழைக்கு முன் இலையைக் கொஞ்சம் தள்ளி வைத்துவிட்டு, பதில் சொல்லிவிடுங்கள்.